துண்டுக்கு வெளியே

1961 ஜூன் 12, திங்கள்.
இன்றைய பிழை: டைப் வகுப்பில் வாத்தியார் கொடுத்த வியாபாரக் கடிதத்தை ஓர் எழுத்துகூடத் தப்பாமல் அடித்துவிட்டேன் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். எழுத்து ஒன்றும் தப்பவில்லைதான். ஆனால் சரக்கு வந்து சேர்ந்தது என்ற வரிக்கும் விவரம் பின்னால் எழுதுகிறோம் என்ற வரிக்கும் நடுவில், 'இதை அடிப்பவன் ஒரு கழுதை' என்று ஆங்கிலத்தில் ஒரு வரி இருந்தது. அதையும் சுத்தமாக அடித்திருக்கிறேன். வாத்தியார் முத்துராமலிங்கம் சத்தமாக வாசித்துக் காட்டும்வரை எனக்குத் தெரியாது. வகுப்பில் அத்தனை பேரும் அடித்திருந்தார்கள். அதை ஆறுதலாக எடுத்துக்கொள்ளக் கூடாது.

பரீத் பேனாவை மூடினான். அன்றைக்கு அவன் செய்த பிழைகளில் இதுதான் ஆகச் சிறியது. பெரியதை எழுதக் கை வரவில்லை. காலையில் மாமா மகள் சகீலா ஒரு தகரப் பெட்டியைச் சுமந்துகொண்டு அவன் காலடியைத் தாண்டிப் போயிருக்கிறாள். அவன் பார்க்கவில்லை. பார்க்கவில்லை என்று எழுதினால் யார் நம்புவார்கள்? எழுதுகிறவனுக்கே நம்பிக்கை வரவில்லை.

கொச்சியில் மட்டாஞ்சேரி கடைத்தெருவில் பரீதின் மாமா அபூபக்கர் ராவுத்தருக்கு மிளகு வியாபாரம். முன்னால் தகரம் போட்ட கொட்டகை, அதற்குப் பின்னால் கிடங்கு, கிடங்குக்குப் பின்னால் வீடு, வீட்டுக்குப் பின்னால் காயல் தண்ணீரில் இறங்கும் பின்படி. வீட்டிலிருந்து தெருவுக்கு வர வேண்டுமென்றால் கொட்டகையைக் கடந்துதான் வர வேண்டும். கொட்டகையில் ஆம்பிள்ளைகள் இருக்கும்போது வீட்டுப் பெண்கள் அந்தப் பக்கம் வருவதில்லை. கொட்டகையில் ஆம்பிள்ளைகள் இல்லாத நேரம் என்று ஒன்று அனேகமாகக் கிடையாது.

ராவுத்தருக்குத் தன் கண்ணைப் பற்றி அபாரமான கர்வம். மூட்டைக்குள் கையை விடாமலேயே, மேலாகப் பார்த்து, இது வயநாட்டு மிளகு, இது மலையிறங்கி மழையில் நனைந்து காய்ந்தது என்று சொல்லிவிடுவார். "எடா, என் கண்ணைத் தாண்டி ஒரு கல்லு போவாது" என்பார். மிளகில் கல் போகாதது உண்மைதான். அதைக் கேட்டுத் தலையாட்டுவதற்கென்று நாலு பேர் எப்போதும் அங்கே உட்கார்ந்திருப்பார்கள். தலையாட்டிகளில் முதல்வர் தரகர் லக்ஷ்மிநாராயணன். அவருக்குத் தன் கண்ணைப் பற்றி ராவுத்தருக்கு இருப்பதைவிட ஒரு பிடி கூடுதலான கர்வம். ஆளின் முகத்தைப் பார்த்தே மடியில் என்ன இருக்கிறது என்று தெரிந்துகொள்வாராம்.

விலை பேசுவது துண்டுக்குள் நடக்கும். விற்கிறவரும் வாங்குகிறவரும் எதிரெதிரே உட்கார்ந்து கையைப் பிடித்துக்கொள்வார்கள். மேலே ஒரு துண்டைப் போட்டு மூடிவிடுவார்கள். எந்த விரலைப் பிடித்தால் என்ன, எந்தக் கணுவில் அழுத்தினால் என்ன என்று அவர்களுக்குள் ஒரு கணக்கு. வாய் மழையைப் பற்றிப் பேசும், மகன் கல்யாணத்தைப் பற்றிப் பேசும். விரல் விலை பேசும். பெரிய சரக்கு ஒன்று கைமாறுகிறது என்றால், அந்த விலையை அறிந்துகொள்ளத் தெருவில் இருக்கிற சில்லறை வியாபாரிகள் எல்லாம் கொட்டகைக்கு வந்து நின்றுவிடுவார்கள். துண்டுக்குள் பார்க்க முடியாது. ஆகவே முழங்கையைப் பார்ப்பார்கள். தோள் அசைகிறதா, தொண்டைக்குழி ஏறி இறங்குகிறதா, புருவம் என்ன சொல்கிறது என்று பார்ப்பார்கள். மூடி வைத்ததைப் பார்ப்பதற்காக இப்படிக் கழுத்தை நீட்டுகிற கூட்டத்தைப் பரீத் வேறெங்கும் கண்டதில்லை. அந்தக் கூட்டத்தில் தானும் ஒருவன் என்பதை அன்றுவரை அவன் ஒரு திறமையாகவே நினைத்திருந்தான். மாமாவின் முழங்கை அசைவுகளுக்கு அவன் ஓர் அட்டவணையே மனதுக்குள் வைத்திருந்தான். அந்த அட்டவணை பாதிக்குப் பாதி தப்பு. இருந்தாலும் திருத்தித் திருத்தி வைத்துக்கொண்டிருந்தான்.

திங்கள் காலை மகன்லால் சேட்டுடன் அந்த வருஷத்தின் பெரிய பேரம் தொடங்கியது. மதியம்வரை அடுப்படியிலேயே இருந்த சுல்ஃபத் மாமி, சாப்பிடக் கூப்பிட்டபோதுதான் மகள் வீட்டில் இல்லை என்று கண்டாள். எங்கே போயிருப்பாள் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. எர்ணாகுளத்தில் டீச்சர் ட்ரெயினிங்குக்கு அவளுக்கு இடம் கிடைத்திருந்தது. சேர அன்றுதான் கடைசி நாள். மாதக்கணக்காக ராவுத்தர் "பாக்கலாம், பாக்கலாம்" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். அவர் பார்ப்பதற்குள் நாள் வந்துவிட்டது.

எப்படிப் போனாள் என்பதுதான் கேள்வியாகிவிட்டது.

"கொட்டகை வழியா போயிருக்க முடியாது" என்றார் ராவுத்தர். "நான் இருந்தேன். சேட்டு இருந்தாரு. இத்தனை கண்ணு இருந்தது."

"நான் இருந்தேனே ஓய்!" என்றார் லக்ஷ்மிநாராயணன். "ஒரு ஈ போனா எனக்குத் தெரியும், கேட்டேளா."

"அப்போ பின்படிதான். வள்ளம் வரச் சொல்லி ஏறியிருக்கா."

பின்படிக் கதவின் சாவி காவல்காரன் அழகரிடம் இருந்தது. அழகரைக் கூப்பிட்டார்கள். சரக்குப் படகு வரும் நாளில் தவிர அந்தக் கதவைத் திறப்பதே இல்லை என்று அவன் அழுதான். எல்லோரும் திரண்டு போய்ப் பூட்டைச் சோதித்தார்கள். குனிந்து பார்த்தார்கள், முகர்ந்து பார்த்தார்கள். சாவித் துவாரத்தில் புதுக் கீறல் இருக்கிறது என்றார் தரகர். பரீதுக்கு எதிரே, கதவின் மேல் சட்டத்திலிருந்து சங்கிலிவரை, ஒரு சிலந்திவலை கிழியாமல் காற்றில் ஆடிக்கொண்டிருந்தது. நிறைய தூசி படிந்த, மிகப் பழைய வலை. தரகரின் உச்சிக்குடுமி அதில் உரசாத குறை. அதை யாரும் பார்க்கவில்லை. பூட்டைப் பார்க்க வந்தவர்கள் பூட்டைப் பார்த்தார்கள். பரீத் வாயைத் திறக்கப் போனான். சிலந்தி எத்தனை வேகமாக வலை பின்னும் என்று தனக்கு நிச்சயமாகத் தெரியாதே என்ற யோசனை வந்தது. மூடிக்கொண்டான்.

"நாளைக்குச் சேட்டு பேரம் முடியணும்" என்றார் ராவுத்தர். "புதன்கிழமை காலையிலே மொத போட்டிலே போறேன். சிண்டைப் பிடிச்சு இழுத்துட்டு வரேன். வந்ததும் இந்த அழகர் பொண்டாட்டியோட வாசல் ரூமைக் காலி பண்ணட்டும்."

மகளைவிடப் பேரம் பெரிது. ஓடிப்போனதாக அவரே சொல்லும் மகளை அழைத்துவரப் புதன்கிழமை போதும். பரீத் அதைக் குறித்துக்கொண்டான்.

சாயங்கால வகுப்புக்கு அவன் தினமும் போட்டில் எர்ணாகுளம் போவான். அன்று மாமி ஜன்னல் வழியாக, "அவளை ஒரு எட்டு பாத்துட்டு வா. சாப்பிட்டாளான்னு கேளு" என்று மட்டும் சொன்னாள்.

விடுதி வராந்தாவில் வார்டன் அம்மாள் நாற்காலி போட்டு உட்கார்ந்து பின்னல் போட்டுக்கொண்டிருந்தாள். சகீலா தலைத்துணியை, அந்த வெள்ளைத் தட்டத்தை, நெற்றிவரை இழுத்துவிட்டபடி வந்தாள். பரீத் தான் தயாரித்து வைத்திருந்த கேள்வியைக் கேட்டான்.

"எந்த வழியா வந்தே? பின்படியா?"

அவள் அவன் காலைப் பார்த்தாள்.

"நீங்க காலை மடக்கினீங்க மச்சான்."

"நானா?"

"பின்னே யாரு? ஸ்டூல்ல உக்காந்து காலை வழியிலே நீட்டி வெச்சிருந்தீங்க. 'காலு'ன்னு சொன்னேன். மடக்கினீங்க. நான் தாண்டினதும் மறுபடி நீட்டிட்டீங்க. கோழிக்குஞ்சு தாண்டினாக்கூட ஒரு பார்வை பார்ப்பீங்க."

பரீத் தன் காலைப் பார்த்துக்கொண்டான். மடக்கிய ஞாபகம் காலுக்கு இருந்ததா என்று அவனால் சொல்ல முடியவில்லை.

"மாமா?"

"அத்தா பக்கத்துலே போய் நின்னேன். பெட்டியைக் கீழே வெச்சேன். 'அத்தா, நான் ட்ரெயினிங்குக்குப் போறேன், போகட்டா'ன்னு கேட்டேன். 'ம், போ'ன்னாரு."

"உன்னைப் பாத்தாரா?"

"என் மூஞ்சியைத்தான் பாத்தாரு. கை துண்டுக்குள்ளே. சேட்டு என்ன விரலைப் பிடிச்சானோ! அத்தா கண்ணு என் மேலே இருந்தது, அவரு அங்கே இல்லே." அவள் சிரித்தாள். சந்தோஷச் சிரிப்பு அல்ல. "எத்தனை நாளா மனப்பாடம் பண்ணின பேச்சு தெரியுமா? 'ஏன் போகக் கூடாது'ன்னு கேட்டா இது சொல்லணும், அடிக்க வந்தா சேட்டு முன்னாடி இது சொல்லணும்னு. ஒருத்தனும் கேக்கலே. பெட்டி இடிச்சு மிளகுக் குவியல் சரிஞ்சுச்சு. அழகரண்ணன் திட்டிக்கிட்டே கூட்டி ஒதுக்கினாரு. யாரைத் திட்டறோம்னு அவரும் நிமிந்து பாக்கலே. ஓடிப்போறவளுக்குப் பயமா இருக்கும்பாங்க. எனக்கு ஒரு பயமும் இல்லே. கோவந்தான் வந்தது. கண்ணு, கண்ணுன்னு பீத்தறாங்களே, அதுலே ஒரு ஜோடிகூட எனக்குன்னு இல்லையே!"

"புதன்கிழமை மாமா வராரு."

சகீலாவின் முகம் மாறியது. "வந்து கூட்டிட்டுப் போனா பேரை வெட்டிடுவாங்க. அடுத்த வருஷம்னு ஒண்ணு கிடையாது மச்சான். அதுக்குள்ளே என்னை எவனுக்காவது கட்டிக் குடுத்துருவாங்க. நீங்க போய்ச் சொல்லுங்க. நான் கேட்டுட்டுத்தான் போனேன்னு சொல்லுங்க."

"நான் பார்க்கலையே சகீலா. எப்படிச் சாட்சி சொல்றது?"

"பார்க்கலேன்னுதான் சொல்லணும்!"

வார்டன் அம்மாள் பின்னலிலிருந்து கண்ணெடுக்காமல் நேரமாகிவிட்டது என்றாள். அதன் பிறகுதான் அவன் வகுப்புக்குப் போனதும், கழுதை என்று பிழையில்லாமல் அடித்ததும்.

போட்டில் திரும்பி வரும்போது அவன் ஒழுங்காக யோசிக்க முயன்றான். சகீலா பொய் சொல்கிறவள் அல்ல. ஆனாலும் ஒரு மனிதர் தன் மகளின் முகத்தைப் பார்த்து 'போ' என்று சொல்லிவிட்டு, சொன்னதே தெரியாமல் இருக்க முடியுமா? கழுதை வரியை நினைத்தான். முடியும் என்று தோன்றியது. தோன்றுவது போதாது. சோதித்துப் பார்க்க வேண்டும்.

மாமி அடுப்படியில் கப்பைக் கிழங்கு நறுக்கிக்கொண்டிருந்தாள். முழுவதையும் கேட்டாள். ஆச்சரியப்படவே இல்லை.

"இந்த வீட்டுக்கு வந்த நாள்லேர்ந்து கிடங்கு ஜன்னல் வழியா அந்தத் துண்டைப் பாத்துட்டிருக்கேன்டா. அது மேலே விழுந்துட்டா இவங்க தலையிலே தேங்கா விழுந்தாலும் தெரியாது."

"நாளைக்குப் பேரம் தொடருது மாமி. ஒரு பரிசோதனை பண்ணலாம்னு. நான் தலையிலே ஒரு கூடையைக் கவுத்துக்கிட்டு நடுவிலே நடந்து போறேன். யாராவது பாக்கறாங்களான்னு..."

"நீ நடந்தா என்ன கணக்கு? நீ எப்பவும் நடக்கறவன். உன்னைப் பார்க்காம இருக்கத் துண்டு எதுக்கு?"

அவன் நறுக்கிய கிழங்கை அள்ளிப் பானையில் போட்டான்.

"நான் போறேன்" என்றாள் மாமி, கத்தியைத் துடைத்தபடி.

"மாமி! கொட்டகைக்கா?"

"என் வீட்டுக் கொட்டகைதானே? பார்த்தாங்கன்னா என்னைத் திட்டட்டும். பார்க்கலேன்னா நான் பாத்துக்கறேன்."

செவ்வாய்க்கிழமை வானம் மூடிக்கிடந்தது. கொட்டகையில் முந்தின நாளைவிடக் கூட்டம். சேட்டு கால் மடக்கி உட்கார்ந்தார். ராவுத்தர் தன் குடையை முழங்காலுக்குப் பக்கத்தில் சாய்த்து வைத்தார். கை கோத்தார்கள். துண்டு விழுந்தது.

பரீத் அன்று துண்டைப் பார்ப்பதில்லை என்று முடிவு செய்திருந்தான். முகங்களைப் பார்த்தான். வளர்ந்த ஆண்கள், பிள்ளை பெற்றவர்கள், வாயைப் பிளந்துகொண்டு நின்றார்கள். தரகரின் கீழுதடு தொங்கியது. அதில் வெற்றிலைச் சாறு சேர்ந்து, விழலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தது. வாசலில் நிற்க வேண்டிய அழகர் வாசலுக்கு முதுகைக் காட்டிக் குதிகாலை உயர்த்தி நின்றான். அவன் பிழைப்பே போகப்போகிறது. இருந்தும் சேட்டின் விரல் என்ன சொல்கிறது என்று அவனுக்குத் தெரிந்தாக வேண்டும். மிளகு வாங்கவோ விற்கவோ அவனிடம் ஒரு மணி கிடையாது.

கிடங்குக் கதவு திறந்தது. மாமி வந்தாள்.

சமையல் கட்டில் நின்ற கோலத்திலேயே வந்தாள். சேலையில் மஞ்சள் கறை. இடுப்பில், அடி கரி பிடித்த சோற்றுப் பானை. அவசரப்படவில்லை. ஒளியவும் இல்லை. இரண்டு வியாபாரிகளுக்கு நடுவில் பானை நுழையவில்லை. "தள்ளு" என்றாள். தள்ளினார்கள். ஒருவரின் வெள்ளைச் சட்டையில் கரி அகலமாக ஒரு கோடு இழுத்தது. அவர் அந்த இடத்தைச் சொறிந்துகொண்டார்.

சேட்டின் தலைக்குப் பின்னால், கணவருக்கு நேர் எதிரே போய் நின்றாள். ராவுத்தர் கண்ணை உயர்த்தினார். கணவரும் மனைவியும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். மாமி புருவத்தை உயர்த்தி, என்ன என்பதுபோலத் தலையை அசைத்தாள்.

"இந்த வருஷம் மழை கொஞ்சம் முந்திருச்சு சேட்டு" என்றார் ராவுத்தர், அவளைப் பார்த்தபடி.

"முந்தி, முந்தி" என்றார் சேட்டு.

மாமி சுற்றி வந்தாள். குனிந்தாள். ராவுத்தரின் முழங்காலுக்குப் பக்கத்திலிருந்த குடையை எடுத்துக் கக்கத்தில் வைத்துக்கொண்டாள். வாசல்வரை போனாள். அழகரின் தோளைக் குடைப்பிடியால் ஒதுக்கினாள். தெருவில் இறங்கி நின்று, கல்யாணமாகி வந்த நாளில் பார்த்த அந்தத் தெருவை இரண்டு பக்கமும் பார்த்தாள். பிறகு வந்த வழியே திரும்பி, பரீதின் பக்கத்தில் வரும்போது மட்டும் கொஞ்சம் நின்றாள்.

"ச்சே" என்று அவனுக்கு மட்டும் கேட்கும்படி சொல்லிவிட்டு உள்ளே போனாள்.

பரீத் அவள் மறைந்த கதவையே பார்த்துக்கொண்டிருந்தான். நடந்துவிட்டது. மனிதர்களால் முடியும். ஒவ்வொருவரும் எங்கே நின்றார், எதைப் பார்த்தார் என்பதை வரிசையாக நினைவில் அடுக்கிக்கொண்டிருந்தபோது, அவன் தலைமேல் ராவுத்தரின் கை ஓங்கி விழுந்தது.

"எடா பொட்டைக் கண்ணா! மிளகு நனையுது!"

துண்டை எடுத்து எவ்வளவு நேரமாயிற்றோ! பேரம் முடிந்திருந்தது. சேட்டு எழுந்து போயிருந்தார். மழை கொட்டிக்கொண்டிருந்தது. சேட்டுக்குக் காட்டுவதற்கென்று அவன் காவலில் விட்ட மிளகுச் சாக்கு, அவன் காலுக்கு ஒரு முழம் தள்ளி, தாழ்வாரத் தண்ணீரில் ஊறிக்கொண்டிருந்தது. இவ்வளவு மழையின் சத்தம் தகரக் கூரையில் கேட்டிருக்க வேண்டும். அவனுக்குக் கேட்கவில்லை. மற்றவர்களைப் பற்றிக் காலையிலிருந்து சேர்த்து வைத்திருந்த இளக்காரம் அவன் மீதே கவிழ்ந்தது.

சாயங்காலம் ராவுத்தர் நடுக்கூடத்தில் உட்கார்ந்தார். லக்ஷ்மிநாராயணன் இருந்தார். கடைத்தெரு வியாபாரிகள் சிலர் இருந்தார்கள். காலையில் முதல் போட்டுக்கு யார் யார் போவது என்று பேச்சு. அழகரும், அழுதுகொண்டிருந்த அவன் மனைவி அங்கம்மாளும் தூணோரம் நின்றார்கள். பரீத் அன்று வகுப்புக்குப் போகவில்லை. சொல்ல வேண்டியதை முதல், இரண்டாவது, மூன்றாவது என்று பிரித்து வைத்திருந்தான். முதலாவதையே இன்னும் தொடங்கவில்லை.

"என் குடை எங்கேடா?" என்று கத்தினார் ராவுத்தர். "காலையிலேர்ந்து தேடறேன். இந்த வீட்டிலே குடையும் போகுது, பொண்ணும் போகுது!"

திரைக்குப் பின்னாலிருந்து குடை வந்தது. பின்னாலேயே மாமியின் குரல் வந்தது.

"இந்தாங்க. உங்க முழங்காலுக்குப் பக்கத்திலேர்ந்து நான்தான் எடுத்தேன்."

"எப்போ?"

"துண்டு போட்டிருந்தப்போ. சேட்டு பின்னாலே நின்னு உங்களைப் பாத்தேன். நீங்களும் என்னைப் பாத்தீங்க. மழை முந்திருச்சுன்னு என்கிட்டேதான் சொன்னீங்க."

"என்ன பைத்தியக்காரப் பேச்சு இது! கொட்டகைக்கு நீ வந்தியா? நான் இருக்கும்போது?"

"அங்கே நின்னவர் சட்டையைப் பாக்கச் சொல்லுங்க."

எல்லோரும் திரும்பினார்கள். கரிக்கோடு போட்ட வியாபாரி காலையிலிருந்து அந்தச் சட்டையோடுதான் இருந்தார். தன் மார்பைக் குனிந்து பார்த்துத் திகைத்தார். அவரோடு பகல் முழுவதும் பேசிக்கொண்டிருந்தவர்களும் திகைத்தார்கள்.

பரீத் முன்னால் வந்தான். "மாமா, சகீலாவும் அப்படித்தான் போனா. நேத்து. உங்க பக்கத்துலே நின்னு போகட்டான்னு கேட்டா. நீங்க 'ம், போ'ன்னீங்க. நான் காலை மடக்கி வழி விட்டேன். எனக்குத் தெரியாது. ஆனா விட்டிருக்கேன்."

"மிளகு சரிஞ்சுச்சே!" என்று அழகர் திடீரென்று கத்தினான். "மொதலாளி, நேத்து குவியல் சரிஞ்சு நான் கூட்டினேன். எவனோ இடிச்சுட்டுப் போறான்னு வைதேன்!"

ராவுத்தரின் முகம் சிவந்து வெளுத்தது. அவர் என்ன கணக்குப் போடுகிறார் என்று பரீதுக்கு ஓரளவு தெரிந்தது. இதற்கு முழங்கையைப் பார்க்க வேண்டியிருக்கவில்லை. மகள் பின்படியில் வள்ளம் ஏறி ஓடினாள் என்றால் அவருக்குக் கோபம்தான். மகளும் மனைவியும் மூக்குக்கு முன்னால் நடந்து போனதை அவர் பார்க்கவில்லை என்றால், நாளைக் காலையில் யூதர் தெருவரை சிரிப்பார்கள். அப்புறம் அந்தக் கண்ணை நம்பி மிளகு வாங்குகிறவன் எவன்?

லக்ஷ்மிநாராயணன் தொண்டையைக் கனைத்தார். "அதாவது ராவுத்தரே, குழந்தை உங்களைக் கேட்டுண்டா போச்சு?"

"கேக்காமப் பின்னே?" என்றார் ராவுத்தர்.

அங்கம்மாள் அழுகையை நிறுத்தினாள்.

"கேட்டா. நான் பாத்தேன். பாத்துட்டுத்தான் போன்னு சொன்னேன். என் பொண்ணு என் உத்தரவு இல்லாம வாசப்படி தாண்டுவாளா?"

"அப்போ இந்த அழகரை..." என்று ஒருவர் தொடங்கினார்.

"இவன் வாசல்லே ஒழுங்கா நிக்கறானான்னு சோதிச்சேன். நிக்கலே. இனிமே நிக்கட்டும்."

இதைச் சொன்ன முகத்தில் ஒரு சுருக்கம் இல்லை. பரீத் பார்த்துக்கொண்டே இருந்தான். மகளின் படிப்புக்காகக் கெஞ்சியபோது அசையாத மனிதர், தன் கண்ணின் பெயருக்காக ஒரு மூச்சில் இறங்கிவிட்டார். அதைவிட அவனுக்குக் கசந்தது அடுத்து நடந்ததுதான்.

"நானும் பாத்தேனே!" என்றார் தரகர். "பச்சைத் தட்டம் போட்டுண்டு, பெட்டியைத் தூக்கிண்டு, பாவம், போயிண்டிருந்தாள். ராவுத்தர் சம்மதம் இல்லாம போக மாட்டாளேன்னுதான் நான் வாய் திறக்கலை."

"பச்சை இல்லே சாமி, சிவப்பு" என்றார் கரிக்கோட்டுக்காரர். "நல்லா ஞாபகம் இருக்கு. என் பக்கத்துலே வந்தப்போ சலாம் சொன்னாளே!"

"பொட்டியைத் தலையிலே தூக்கி வச்சதே நான்தானுங்க" என்றான் அழகர். அங்கம்மாள் அவனைக் கிள்ளியதைப் பரீத் பார்த்தான்.

திரைக்குப் பின்னால் மாமி சிரித்தாள். "எல்லாருக்கும் இப்பத்தான் கண்ணு திறந்திருக்கு. அல்லாஹ் காப்பாத்தட்டும்."

வெள்ளைத் தட்டம் என்று சொல்லப் பரீதுக்கு நாக்கு துடித்தது. சொல்லவில்லை. சொன்னால் தானும் பார்த்தவனாகிவிடுவான். அதோடு இன்னொன்றும் அவனைத் தடுத்தது. வெள்ளைத் தட்டம், தகரப் பெட்டி, காலைத் தாண்டிய ஒரு நிழல், எல்லாம் அவனுக்கும் இப்போது மெல்ல ஞாபகம் வரத் தொடங்கியிருந்தது. தட்டத்தை விடுதி வராந்தாவில் பார்த்தது அவனுக்கு நன்றாகத் தெரியும். நிழலை எங்கே பார்த்தான்? இந்த மூடர்களைப் போலவே அவன் மனமும் உட்கார்ந்து பொய் தைத்துக்கொண்டிருந்தது. அப்படியிருக்க அவர்களை அவன் எந்த உரிமையில் இகழ்வது? இருந்தும் இகழ்ந்தான். தன்னையும் வரிசையில் நிறுத்திவைத்து இகழ்ந்தான்.

"எடா பரீதே" என்றார் ராவுத்தர், குடையை மடியில் வைத்துத் தடவியபடி. "காலையிலே நீ மட்டும் போனா போதும். படுக்கை எடுக்காம போயிருக்கா. போகும்போதே பாத்தேன்."

"பாத்தீங்களா மாமா?"

"பின்னே? என்கிட்டே கேள்வி கேக்கறியா?"

"இல்லே மாமா."

உள்ளே மாமி மெத்தையைச் சுருட்டத் தொடங்கிவிட்ட சத்தம் கேட்டது. பரீத் தன் அறைக்குப் போய் நாட்குறிப்பை எடுத்தான். செவ்வாய்க்கிழமையின் பிழைகளை எழுத ஒரு பக்கம் போதவில்லை. சகீலா கொட்டகை வழியாகப் போனதை நான் பார்க்கவில்லை என்று முதலில் எழுதினான். அதன்கீழ் ஒரு கோடு போட்டான். இனி யார் எந்த நிறம் சொன்னாலும் இதை மாற்றக் கூடாது என்று சேர்த்தான். கடைசியில் எழுதினான்:

நாளை, புதன்: முதல் போட்டில் எர்ணாகுளம். சகீலாவுக்கு மெத்தை, தலையணை, கொசுவலை கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும். கொசுவலைக்குக் கயிறு கடைத்தெருவில் வாங்க வேண்டும்.